இருப்பும் குறைவும்: கேமரன் மலைக் கொழுந்திலிருந்து கடை வாசல் வரை

தேயிலைத் தொழிற்சாலையில் ஒரு பழைய கணக்கு உண்டு. ஏறத்தாழ நாலரை கிலோ பச்சைக் கொழுந்து உள்ளே போனால் ஒரு கிலோ தூள் வெளியே வரவேண்டும். மழை நாளில் இலையில் நீர் ஏறியிருக்கும். அன்று ஐந்து கிலோகூடத் தேவைப்படும். வாட்டும்போது போகும் ஈரம், உலர்த்தும்போது போகும் ஈரம், சலித்து ஒதுக்கும் காம்பு, நார் எல்லாம் கழித்து நிற்பதே அன்றைய விளைச்சல். விகிதம் வழக்கத்தைவிட இறங்கினால் ஆலைப் பொறுப்பாளருக்குச் சந்தேகம் பிறக்கும். மலையில் போட்ட நிறுவை தப்பா? லாரி வரும் வழியில் ஏதும் குறைந்ததா? ஆலைக்குள்ளேயே யாரும் எடுத்தார்களா? இன்னொரு காரணமும் இருக்கக்கூடும், அதைக் கடைசியில்தான் பார்ப்பார்கள்: ஏட்டில் எழுதிய எண்ணே பிழையாக இருக்கலாம்.

உலகெங்கும் கடைகளுக்கு இன்று விற்கப்படும் திருட்டுத் தடுப்புக் கதவுகளும், சரக்கில் ஒட்டும் மின்னணு வில்லைகளும், இருப்பைக் கணக்கெடுக்கும் கருவிகளும் இந்தச் சந்தேகங்களையே சுற்றி வருகின்றன. அந்தத் தொழில் எங்கே பிறந்தது, எதனால் வளர்ந்தது, எதைச் சாதித்தது, யார் தலையில் செலவை வைத்தது என்று திரிங்காப்பில் நின்று பார்க்க விரும்புகிறேன். மலேசியாவின் கேமரன் மலையில், பிரிஞ்சாங்கிலிருந்து கம்போங் ராஜா போகும் சாலையில் உள்ள சிற்றூர் அது. ஒரு பக்கம் ‘போ’ என்ற தேயிலை நிறுவனத்தின் சுங்கை பாலாஸ் தோட்டம், மறுபக்கம் புளூ வேலி தேயிலைத் தோட்டம், நடுவில் சரிவெல்லாம் தக்காளியும் முட்டைக்கோசும் விளையும் காய்கறித் தோட்டங்கள். இங்கே ஏற்றும் பண்டம் சிம்பாங் பூலாய் வழியாக இறங்கி, கோலாலம்பூரிலும் சிங்கப்பூரிலும் பேரங்காடி அலமாரியில் போய் அமர்கிறது. பண்டம் புறப்படும் இடத்தில் நிற்பவருக்கு அந்த அங்காடியின் வாசற்கதவு வேறு மாதிரித் தெரியும்.

திருடனும் காலி அலமாரியும்

இந்தத் தொழிலுக்கு இரண்டு பிறப்புக் கதைகள் உண்டு. முதல் கதை அமெரிக்காவின் ஒஹாயோ மாநிலத்தில், ஆக்ரன் நகரில், 1960களின் நடுவில் நடக்கிறது. ரொனால்ட் அசாஃப் அங்கே ஒரு குரோகர் கடையின் மேலாளர். மதுப் புட்டிகளோடு ஓடிய ஒருவனைத் துரத்திக்கொண்டு போய்ப் பிடிக்க முடியாமல் திரும்பினார். இதற்கு ஒரு வழி கண்டுபிடிப்பவன் பெரும் பணக்காரனாவான் என்ற பேச்சு அன்று எழுந்தது. அந்தப் பேச்சிலிருந்து வளர்ந்ததுதான் சென்சர்மேட்டிக் நிறுவனம். ஏறத்தாழ அதே காலத்தில் நியூயார்க்கில் ஆர்தர் மினாசி நோகோ என்ற நிறுவனத்தைத் தொடங்கினார். புத்தகம் காணாமல் போகும் நூலகங்களுக்குக் கருவி செய்யத் தொடங்கி, பிறகு கடைகளுக்குள் நுழைந்தது செக்பாயின்ட் நிறுவனம்.

இரண்டாவது கதை முப்பது ஆண்டுகள் பிந்தியது. பிராக்டர் அண்ட் கேம்பிள் நிறுவனத்தில் கெவின் ஆஷ்டன் என்ற இளைஞர் உதட்டுச் சாயம் விற்கும் பொறுப்பில் இருந்தார். ஒரு குறிப்பிட்ட பழுப்பு நிறச் சாயம் கடையில் எப்போது போனாலும் இல்லை. கிடங்கிலோ அது இருக்கிறது. கடைக்காரருக்கோ அலமாரி காலியாக இருப்பதே தெரியவில்லை. அந்த எரிச்சலோடு ஆஷ்டன் அமெரிக்காவின் எம்.ஐ.டி. பல்கலைக்கழகத்துக்குப் போனார். 1999-இல் அங்கே சஞ்சய் சர்மா, டேவிட் புரோக் ஆகியோருடன் சேர்ந்து ஆட்டோ ஐடி மையத்தைத் தொடங்கினார். ஒவ்வொரு பொருளுக்கும் தனித்தனி எண், அந்த எண்ணை ரேடியோ அலையில் சொல்லும் ஒரு சின்ன வில்லை, வில்லையின் விலை ஐந்து அமெரிக்க சென்ட்: இதுதான் அவர்கள் இலக்கு.

முதல் கதை திருடனைத் தேடுகிறது, இரண்டாவது கதை சரக்கைத் தேடுகிறது. விற்பனைப் பேச்சில் இன்றும் முன்னால் நிற்பவன் திருடன்தான். தொழில் உண்மையில் பெருகியதோ இரண்டாவது கதையால் என்பது என் முடிவு. மேலே சொல்லப்போவதெல்லாம் அதற்கான காரணங்கள்.

கதவு எப்படிக் கூவுகிறது

கடை வாசலில் இரு பக்கமும் நிற்கும் அந்தத் தூண்கள் பொருளைப் பார்ப்பதில்லை. வில்லை ஒன்று இருக்கிறதா இல்லையா என்று மட்டும் கேட்கின்றன. செக்பாயின்ட் முறையில் 8.2 மெகாஹெர்ட்ஸ் அலை. காகித ஒட்டுக்குள் சுருளாக ஓர் உலோகத் தடம் இருக்கும், அது அந்த அலைக்கு ஒத்து அதிரும். பணம் கட்டும் மேசையில் கூடுதல் விசை கொடுத்து அந்தச் சுற்றைக் கெடுத்துவிடுவார்கள்; பிறகு அது வெறும் காகிதம். சென்சர்மேட்டிக்கின் முறையில் 58 கிலோஹெர்ட்ஸ். சின்னப் பிளாஸ்டிக் கூட்டுக்குள் ஓர் உலோக நாடா, பக்கத்தில் ஒரு காந்தத் தகடு. தூண் விட்டுவிட்டு ஒலிக்கும். அது நின்ற மறுகணமும் நாடா அதிர்ந்துகொண்டே இருக்கும், அந்த மிச்ச அதிர்வைத்தான் கதவு கேட்கிறது. காந்தத் தகட்டின் காந்தத்தை எடுத்துவிட்டால் நாடா ஊமையாகிவிடும்.

தேயிலைக்காரர்கள் கவனிக்க வேண்டிய ஒன்று இங்கே இருக்கிறது. நல்ல தேயிலை ஈரத்தை உறிஞ்சும், வாசனையையும் உறிஞ்சும். அதனால் அலுமினியத் தாள் வைத்த பையில்தான் அடைக்கிறார்கள். அந்தத் தாளே ரேடியோ அலைக்குச் சுவர். மெல்லிய காகித ஒட்டைப் பையின் உள்ளே வைத்தால் கதவுக்குக் கேட்காது. வெளியே நேராகத் தாளின்மேல் ஒட்டினாலும் சுருதி கலைந்துவிடும். திருட்டையே தொழிலாகக் கொண்டவர்கள் உலோகத் தாள் தைத்த பைகளோடு கடைக்குள் வருவது இந்தச் சூத்திரத்தைத் தெரிந்துதான். 58 கிலோஹெர்ட்ஸ் முறை தாளுக்கு அருகில் ஓரளவு தாக்குப்பிடிக்கும், ஆனால் வில்லை தடிமன், விலையும் கூட.

இந்த நிறுவனங்களின் பிற்கால வரலாறு நிறையச் சொல்கிறது. 2001-இல் சென்சர்மேட்டிக்கை டைகோ வாங்கியது. டைகோ 2016-இல் ஜான்சன் கன்ட்ரோல்ஸுடன் இணைந்தது. அதே 2016-இல் செக்பாயின்ட்டை வாங்கியது கனடாவின் சி.சி.எல். அது கதவு செய்யும் நிறுவனமன்று, பொருள்களுக்கு முகப்பு ஒட்டு அச்சிடும் நிறுவனம். ரேடியோ வில்லைகளில் முன்னணியில் இருக்கும் ஏவரி டெனிசனும் ஒட்டு செய்யும் நிறுவனமே. 2020-இல் ஸ்மார்ட்ராக்கின் வில்லைப் பிரிவையும் சேர்த்துக்கொண்டது. கதவு ஒரு முறை விற்கும், ஒட்டு ஒவ்வொரு பொருளுக்கும் ஒவ்வொரு நாளும் விற்கும். வருமானம் எங்கே இருக்கிறதோ அங்கே தொழில் நகர்ந்துவிட்டது.

அதோடு வேலையும் நகர்ந்தது. முன்பு கடை ஊழியர் ஒட்டிய வில்லையை இப்போது ஆலையிலேயே ஒட்டி அனுப்பச் சொல்கிறார்கள். திருப்பூரிலும் இலங்கையிலும் வங்கதேசத்திலும் தைக்கும் சட்டையில், ஐரோப்பியக் கடை கேட்ட வில்லையை அங்கத்திய தொழிலாளியின் கை வைக்கிறது. லண்டன் கடை வாசலின் காவலில் ஒரு பங்கு திருப்பூரின் பனியன் கம்பெனியில் நடக்கிறது. அந்தப் பங்குக்குத் தனிக் கூலி உண்டா என்று கேட்டவர் குறைவு.

எத்தனை போகிறது, யார் சொல்கிறார்கள்

கணக்கேட்டின்படி இருக்க வேண்டிய இருப்புக்கும் எண்ணிப் பார்த்த இருப்புக்கும் உள்ள வித்தியாசத்தை இருப்புக் குறைவு என்கிறோம். 2011-இல் வெளிவந்த உலகச் சில்லறைத் திருட்டு அளவீடு, அந்தக் குறைவு உலக அளவில் விற்பனையின் 1.45 சதவீதம், பணமாகச் சுமார் 119 பில்லியன் டாலர் என்றது. ஆய்வுக்கு எடுத்த நாடுகளில் இந்தியாவே முதலிடம், 2.38 சதவீதம். வாடிக்கையாளர் திருட்டு 43 சதவீதம், ஊழியர் திருட்டு 35 சதவீதம், மீதி கணக்குப் பிழையும் விநியோகக்காரர் குறைவும் என்று பங்கும் பிரித்தார்கள். இந்த எண்கள் பல ஆண்டுகள் எல்லா மேடையிலும் ஒலித்தன. ஆய்வைச் செய்தது நாட்டிங்காமில் இருந்த சில்லறை வணிக ஆய்வு மையம், செலவை ஏற்றது செக்பாயின்ட். பூட்டு விற்பவர் செலவில் எடுத்த திருட்டுக் கணக்கு அது. அதனாலேயே பொய் என்று சொல்ல வரவில்லை, அந்த எண்ணை எடுத்தாளும்போது கூடவே சொல்ல வேண்டிய விவரம் என்கிறேன். காணாமல் போனதில் எவ்வளவு யார் எடுத்தது என்பது பெரும்பாலும் கடை நிர்வாகிகளின் ஊகம். எடுத்தவர் ரசீது கொடுத்துவிட்டுப் போவதில்லை.

2023-இல் அமெரிக்காவில் நடந்ததும் இதோடு வைத்துப் பார்க்கத்தக்கது. அங்குள்ள தேசியச் சில்லறை வணிகக் கூட்டமைப்பு, இருப்புக் குறைவில் ஏறக்குறைய பாதி திட்டமிட்ட திருட்டுக் கும்பல்களால் என்று ஓர் அறிக்கையில் எழுதியது. கணக்கு பிழை என்று சுட்டிக்காட்டியபின் அந்த டிசம்பரிலேயே அதைத் திரும்பப் பெற்றுக்கொண்டது. வால்கிரீன்ஸ் மருந்துக் கடைகளின் நிதி அதிகாரியும் அந்த ஆண்டின் தொடக்கத்தில், திருட்டைப் பற்றித் தாங்கள் முன்பு அளவுக்கு மீறிக் கூக்குரலிட்டிருக்கலாம் என்ற பொருளில் பேசினார். இடைப்பட்ட காலத்தில் பற்பசையும் சோப்பும் பூட்டிய கண்ணாடிப் பெட்டிக்குள் போய்விட்டன.

இந்தத் துறையில் நான் அதிகம் மதிக்கும் ஆய்வு திருடனைப் பற்றியதே அன்று. நிக்கோல் டிஹோரேஷியஸ், ஆனந்த் ராமன் இருவரும் 2008-இல் மேனேஜ்மென்ட் சயின்ஸ் இதழில் வெளியிட்டது. ஒரே நிறுவனத்தின் 37 கடைகளில் ஏறத்தாழ 3,70,000 இருப்புப் பதிவுகளை, உள்ளபடி எண்ணிய எண்ணிக்கையோடு ஒப்பிட்டார்கள். 65 சதவீதப் பதிவுகள் தவறு. மூன்றில் இரண்டு! நிறுவனம் ஏனோதானோ என்று நடந்த பெட்டிக்கடை அன்று, கணினியும் பார்கோடும் கொண்டு இயங்கியது.

எப்படி நடக்கிறது என்பதை நம் ஊர்ச் சரக்கை வைத்தே சொல்லலாம். ஒரே விலையில் மூன்று வகைத் தேயிலைப் பெட்டிகளை ஒருவர் மேசையில் வைக்கிறார். வரிசை நீளம். ஊழியர் ஒரு பெட்டியையே மூன்று முறை கருவியில் காட்டிவிடுகிறார். பணம் சரி, வாடிக்கையாளருக்கும் நட்டமில்லை. ஆனால் கணினியில் ஒரு வகையில் இரண்டு பெட்டி குறைந்துவிட்டது, மற்ற இரண்டு வகையிலும் இல்லாத பெட்டி ஒவ்வொன்று இருப்பதாகப் பதிந்துவிட்டது. லாரியில் 48 வந்த இடத்தில் 50 என்று கையெழுத்திட்டாலும் இப்படித்தான். இல்லாத சரக்கு இருப்பதாகக் கணினி நினைக்கும்வரை புதிய ஆணை போகாது. அலமாரி காலியாகவே கிடக்கும். ஆஷ்டன் கண்ட பழுப்புச் சாயத்தின் கதை இதுதான். ஆண்டு முடிவில் எண்ணும்போது வரும் வித்தியாசத்தில் ஒரு பெரும் பகுதியைத் திருட்டு என்ற தலைப்பில் எழுதிவிடுகிறார்கள். முதலில் சந்தேகப்படுவது அந்த வரிசையில் நின்று உழைத்த ஊழியரைத்தான்.

பார்கோடிலிருந்து ரேடியோ வில்லைக்கு

பார்கோடுக்குக் காப்புரிமை பெற்றவர்கள் வுட்லண்டும் சில்வரும், 1952-இல். கடையில் முதன்முதல் அது படிக்கப்பட்டது 1974 ஜூன் 26 அன்று, ஒஹாயோவின் டிராய் நகரில், ஒரு சூயிங்கம் பொட்டலத்தில். பொருளின் வகையை அது சொல்லும், அந்தத் தனிப் பொட்டலம் எது என்று சொல்லாது. மலேசியாவில் பதிந்த பொருளின் எண் 955 என்றும், இந்தியாவில் 890 என்றும் தொடங்கும். ஒரே வகையான ஆயிரம் பெட்டிகளுக்கும் ஒரே எண்தான். ரேடியோ வில்லையில் ஒவ்வொரு பெட்டிக்கும் வேறு எண். நேர்க்கோட்டில் காட்ட வேண்டியதும் இல்லை. கையில் ஒரு கருவியோடு நடந்தால் சில மீட்டர் சுற்றுவட்டத்தில் உள்ள நூற்றுக்கணக்கான வில்லைகள் ஒன்றிரண்டு நொடியில் பதில் சொல்லும்.

அடிப்படை அறிவு பழையது. அனுப்பிய அலையையே திருப்பி எதிரொலித்துச் செய்தி சொல்ல முடியும் என்று ஹாரி ஸ்டாக்மன் 1948-இலேயே எழுதினார். வில்லைக்குள் மின்கலம் இல்லை; கருவி அனுப்பும் அலையின் ஆற்றலிலேயே விழித்து, தன் எண்ணைச் சொல்லி, மறுபடி உறங்கும். வணிகமாக அதை முன்தள்ளியது வால்மார்ட். 2005 ஜனவரிக்குள் பெட்டிகளிலும் சுமைத்தட்டுகளிலும் வில்லை வேண்டும் என்று தன் முதல் 100 விநியோகக்காரர்களுக்கு 2003-இல் ஆணையிட்டது. அவர்களில் பலர் அனுப்புமுன் அவசரமாக ஒன்றை ஒட்டியதோடு சரி, தங்கள் வேலைக்கு அதைப் பயன்படுத்தவில்லை. செலவு அவர்களுக்கு, பலன் வால்மார்ட்டுக்கு. சில ஆண்டுகளில் ஆணை தளர்ந்துபோனது.

அதே 2003-இல் இங்கிலாந்தின் கேம்பிரிட்ஜில் டெஸ்கோ கடை ஒன்று, ஜில்லெட் சவரக் கத்திப் பொட்டலத்தை அலமாரியிலிருந்து எடுப்பவரைப் படம் பிடிக்க வில்லையைப் பயன்படுத்திச் சோதித்தது. மக்கள் எதிர்த்தார்கள். வாங்க வந்தவரை எடுத்த உடனேயே சந்தேகிக்கும் ஏற்பாடு அது, எதிர்ப்பு நியாயமானது.

தொழில் மறுபடி எழுந்தது துணிக் கடைகளில். சட்டைக்கு அளவு பல, நிறம் பல, துணியில் நீரும் இல்லை உலோகமும் இல்லை. 2010-இல் வால்மார்ட் ஆடைகளிலிருந்து புதிதாகத் தொடங்கியது. ஜாராவின் தாய் நிறுவனம் 2014-இல், ஏற்கெனவே இருந்த திருட்டுத் தடுப்பு வில்லைக்குள்ளேயே ரேடியோ வில்லையையும் வைத்தது. இரண்டு பிறப்புக் கதைகளும் ஒரே கூட்டுக்குள் சேர்ந்த இடம் அது. யூனிக்லோவில் கூடையைத் தொட்டியில் வைத்தால் ரசீது வருகிறதே, அதற்கும் இதுதான் காரணம். 2023-இல் மட்டும் 4,400 கோடிக்கும் மேற்பட்ட வில்லைச் சில்லுகள் உலகில் விற்றிருக்கின்றன. அவற்றின் முதல் வேலை எண்ணுவது. கதவில் கூவுவது கூடுதலாகக் கிடைத்த பயன்.

மலேசியருக்கு இது புதிய விருந்தாளியும் அன்று. கடவுச்சீட்டில் சில்லு வைத்த முதல் நாடு மலேசியா, 1998-இல். அதே ஆண்டு சிங்கப்பூரின் புக்கிட் பாத்தோக் நூலகம் புத்தகங்களுக்கு ரேடியோ வில்லை வைத்தது. பொது நூலகங்களில் உலகிலேயே முன்னோடி அது. சிம்பாங் பூலாயில் நெடுஞ்சாலை ஏறும் கார்களுக்கும், 2022 ஜனவரியிலிருந்து வடக்கு தெற்கு நெடுஞ்சாலைச் சாவடிகளில் இதே குடும்பத்து வில்லை ஒன்று வழிவிடுகிறது.

ஆளில்லாக் கடை என்ற கனவைப் பற்றி அதிகம் சொல்ல வேண்டியதில்லை. 2018-இல் சியாட்டலில் திறந்த அமேசான் கோ, எடுத்துக்கொண்டு நடந்தால் போதும் என்றது. கேமராக்கள் பார்த்ததைச் சரிபார்க்க இந்தியாவில் ஏராளமானோர் அமர்ந்திருந்தார்கள் என்ற செய்தி பிறகு வந்தது; அவர்கள் பங்கு எவ்வளவு என்பதில் நிறுவனத்துக்கு மாற்றுக் கருத்து உண்டு. 2024-இல் தன் பெரிய மளிகைக் கடைகளிலிருந்து அந்த முறையை அமேசான் விலக்கிக்கொண்டது. வாடிக்கையாளரே கருவியில் காட்டிப் பணம் கட்டும் மேசைகளிலும் இழப்பு கூடியது. காரணம் தெரியாத கடை இழப்பில் 23 சதவீதம்வரை அந்த மேசைகளில் நிகழ்வதாக இங்கிலாந்துப் பேராசிரியர் ஏட்ரியன் பெக்கின் ஆய்வு கணித்தது. ஆளைக் குறைத்து மிச்சப்படுத்தியதில் ஒரு பங்கு இப்படிப் போனது.

நிறுவைக்கு முன்னால் நின்றவர்கள்

கேமரன் மலையில் 1929-இல் ஜே.ஏ. ரஸ்ஸல் தொடங்கிய போ தோட்டத்துக்கும், 1933-இல் வந்த பாரத் தோட்டத்துக்கும் காடு வெட்டிச் செடி நட்டதில் தமிழ்க் கைகள் பெரும்பங்கு. எண்ணப்படுவது என்றால் என்ன என்பது அந்த மக்களுக்கு எந்தக் கருவியும் வருமுன்பே தெரியும். காலையில் பிரட்டு என்ற ஆள்கணக்கில் பெயர் எண்ணினார்கள், மாலையில் கொழுந்தை நிறுத்தார்கள். கூடைக்கு இவ்வளவு கழிவு, ஈரத்துக்கு இவ்வளவு கழிவு என்று தள்ளிய பிறகே கணக்கு. இலங்கை மலையகத்திலும் அசாமிலும் இந்தக் கழிவு இன்றும் தகராறுக்குரியது. ரப்பர்த் தோட்டத்திலோ பாலில் தண்ணீர் கலந்திருக்கிறதா என்று பார்க்க மெட்ரோலாக் என்ற மிதவை இருந்தது. மேற்பார்வையாளரான மண்டோர் அதை விட்டுப் பார்த்துச் சொல்லும் எண்தான் கூலி. தொழிலாளி ஏமாற்றுகிறாரா என்று பார்க்கக் கருவி இருந்தது, தோட்டக் கணக்கரான கிராணி எழுதிய எண் சரியா என்று தொழிலாளி பார்க்க எதுவும் இல்லை. டாச்சிங் என்ற பழைய கோல் தராசும் ‘கட்டி’ என்ற எடைக் கணக்கும் போய், 1972-இன் எடை அளவுச் சட்டம் வந்து, தராசுக்கு முத்திரை கட்டாயமானபின் இந்நிலை கொஞ்சம் மாறியது.

இருப்புக் கருவிகளைப் பற்றிய என் எண்ணமெல்லாம் இங்கிருந்து வருகிறது. ஒரு கருவி நல்லதா என்று கேட்குமுன், அது காட்டும் எண்ணை யாரெல்லாம் பார்க்க முடியும் என்று கேட்க வேண்டும். கென்யாவில் சிறு தேயிலை விவசாயிகளின் கொழுந்தை வாங்கும் அமைப்பு, 2010-ஐ ஒட்டிய ஆண்டுகளில் மின்னணுத் தராசும் விவசாயிக்கு ஓர் அட்டையும் அச்சிட்ட சீட்டும் கொண்டுவந்தது. எழுத்தர் கிலோவைக் குறைத்து எழுதுகிறார் என்ற நெடுநாள் குறைக்கு அது பதில். தராசிலேயே கோளாறு என்ற புகார் பிறகும் எழாமலில்லை. இருந்தாலும் விவசாயியின் கையில் அன்றைய எண் இருக்கிறது, அதை வைத்து வாதாட முடிகிறது. நான் பார்த்தவரையில் இந்தத் தொழில்நுட்பத்தின் ஆகச் சிறந்த பயன் அந்தச் சீட்டுதான்.

நீலகிரி இன்னொரு பாடம் தருகிறது. அங்கும் தேயிலை மலை, அங்கும் சுற்றுலா. தமிழ்நாட்டு அரசின் மதுக்கடைகளான டாஸ்மாக்கில் விற்கும் புட்டிகள் காட்டிலும் தோட்டத்திலும் உடைந்து கிடந்து யானையின் காலைக் கிழித்ததால் சென்னை உயர் நீதிமன்றம் தலையிட்டது. 2022 மே மாதத்திலிருந்து புட்டிக்கு 10 ரூபாய் கூடுதலாக வாங்கி, காலிப் புட்டியைத் தந்தால் திருப்பிக் கொடுக்கிறார்கள். புட்டியை அடையாளம் காண ஒட்டு உண்டு. பொருள் எங்கே போகிறது என்று பின்தொடரும் அறிவு, யாரையும் திருடனாக்காமல் ஒரு மலையைக் காத்தது. திட்டம் மற்ற மாவட்டங்களுக்குப் பரவியபோது, ஒட்டுவதும் திரும்ப வாங்கி அடுக்குவதும் தங்கள் தலையில் விழுகிறது என்று டாஸ்மாக் ஊழியர் சங்கங்கள் எதிர்த்தன. அவர்கள் கேட்டது நியாயமான கேள்வி.

பிடிபட்டவருக்கு என்ன ஆகிறது என்பதையும் கடந்து போக முடியாது. மலேசியக் குற்றவியல் சட்டத்தின் 379-ஆம் பிரிவில் திருட்டுக்கு ஏழு ஆண்டுவரை சிறை. இந்தியாவில் 2024 ஜூலை முதல் நடப்பில் உள்ள புதிய சட்டம், 5,000 ரூபாய்க்குக் குறைவான பொருளை முதன்முறை திருடிப் பிடிபட்டவர் அதைத் திருப்பித் தந்தால் சமூகப் பணியே தண்டனை என்கிறது. அந்த வேறுபாட்டில் ஒரு கருணை இருக்கிறது. புக்கிட் மெர்தாஜாமில் பிள்ளைகளின் பசிக்காகப் பழமும் பானமும் எடுத்துப் பிடிபட்ட ஒரு தந்தைக்கு, அந்தப் பேரங்காடியின் மேலாளரே வேலை தர முன்வந்த செய்தி மலேசியர் பலருக்கும் நினைவிருக்கும். எந்தக் கதவும் அந்த முடிவை எடுத்திருக்காது. இப்போது கடைகள் முகத்தை அடையாளம் காணும் கேமராக்களின் பக்கம் போகும் வேளையில் இது முக்கியம். மலேசியாவின் தனிநபர் தரவுச் சட்டத்தில் 2024-இல் வந்த திருத்தம் உடலடையாளத் தரவை உணர்திறன்மிக்க தரவின் பட்டியலில் சேர்த்தது. அதைச் சிற்றூர்க் கடைவரை எடுத்துச் சொல்ல ஆள் வேண்டும்.

முட்டைக்கோசுக்கு எதற்கு வில்லை

திரிங்காப்பின் சரக்குக்கு வருவோம். வில்லைகள் மலேசியாவில் 919 முதல் 923 மெகாஹெர்ட்ஸ்வரை பேசுகின்றன. அந்த அலையை உலோகம் திருப்பிவிடும், நீர் விழுங்கிவிடும். முட்டைக்கோசில் நூற்றுக்குத் தொண்ணூறு பங்குக்கு மேல் நீர், தக்காளியில் அதைவிடவும் கூட. தேயிலைத் தூளோ உலர்ந்தது, மூன்று சதவீத ஈரந்தான், அலைக்கு அது தடையே இல்லை. ஆனால் அலுமினியத் தாளுக்குள் இருக்கிறது. ஆக இந்த மலையின் இரண்டு பெரிய விளைபொருளும் இந்தக் கருவிக்கு மிகக் கடினமானவை. துணிக் கடையில் வென்றது என்று காட்டி இங்கே விற்க வருபவரிடம் இதை முதலில் கேட்க வேண்டும்.

வழி இல்லாமல் இல்லை. தேயிலையில் பையை விட்டு வெளிப்பெட்டியில் ஒட்டலாம். நூறு பைக்கு ஒரு வில்லை போதும். காய்கறியில் சரக்கை விட்டு, திரும்பத் திரும்பப் பயன்படும் பிளாஸ்டிக் கூடையில் வைக்கலாம். உண்மையில் இங்கிருந்து கீழே போய்த் திரும்பி வராமல் தொலைவது கூடைதான். காயைவிடக் கூடைக்கு ஆயுள் அதிகம், ஒரே வில்லையின் செலவு நூறு பயணங்களில் கரைந்துவிடும். எத்தனை கூடை போனது, எந்தச் சந்தையில் நிற்கிறது, எத்தனை மணி நேரம் வெயிலில் கிடந்தது என்பது தெரிந்தால், கோலாலம்பூரில் பாதி அழுகிவிட்டது என்று விலையைக் குறைக்கும்போது தோட்டக்காரருக்கும் பதில் சொல்ல ஏதாவது இருக்கும்.

இதற்கு வேண்டிய அடித்தளம் சட்டத்தில் ஏற்கெனவே உண்டு. ஃபாமா என்ற கூட்டரசு வேளாண் சந்தை வாரியத்தின் 2008 ஒழுங்குவிதிகள், தரம் பிரித்தல், பொதிதல், விவரச்சீட்டு ஒட்டுதல் மூன்றையும் கட்டாயமாக்கின. பெட்டியில் யார் விளைவித்தது என்று எழுதியிருக்க வேண்டும். பூச்சிமருந்து அளவு மீறியதாக ஒரு பெட்டி சிங்கப்பூரில் நிறுத்தப்பட்டால், அது எந்தச் சரிவிலிருந்து வந்தது என்று சொல்ல முடிகிற ஊரில் ஒருவரோடு பிரச்சினை முடியும். சொல்ல முடியாத ஊரில் மலை முழுவதும் பழி சுமக்கும். 1994-இல் ஜப்பானின் டென்சோ வேவ் உருவாக்கிய கியூஆர் சதுரம் இதற்குப் போதும், அச்சடிக்கும் காகிதச் செலவுதான். உலகப் பார்கோடு அமைப்பான ஜிஎஸ்1, 2027 முடிவுக்குள் கடை மேசைகள் இத்தகைய சதுரங்களையும் படிக்க வேண்டும் என்று இலக்கு வைத்திருக்கிறது. ஒரே சதுரத்தில் பொருளின் எண், தொகுதி எண், கெடு தேதி எல்லாம் அடங்கும். தேயிலைப் பெட்டிக்கும் ஸ்ட்ராபெர்ரி ஜாம் புட்டிக்கும் இது உடனே பொருந்தும். சுற்றுலாக்காரர் நெரியும் சாலையோரக் கடைகளுக்கோ, வாசலில் தூண் நடுவதைவிட, வார இறுதியில் கூட்டம் கூடும்போது உதவிக்கு ஓர் ஆள் நிற்பதே பயன் தரும். பேசுவதற்கு ஓர் ஆள் அருகில் இருக்கும் கடையில் எடுத்துக்கொண்டு நழுவத் துணிபவர் குறைவு.

இறைச்சி, ரொட்டி போன்ற ஈரமும் குளிரும் உள்ள பண்டங்களுக்கும் ஏற்ற வில்லையை ஏவரி டெனிசனோடு சேர்ந்து கடைக்குக் கொண்டுவருவதாக வால்மார்ட் 2025-இல் அறிவித்தது. நீர் விழுங்கும் அலையைச் சமாளிக்க ஒரு வழி பிடிபட்டுவிட்டது என்று பொருள். சில ஆண்டுகளில் பேரங்காடிகள் காய்கறியிலும் அதைக் கேட்கும். ஒரு வில்லை இன்று நான்கைந்து அமெரிக்க சென்ட் என்று வைத்தால் மலேசியக் காசில் ஏறத்தாழ இருபது சென் வரும். இரண்டு வெள்ளிக்குப் போகும் ஒரு பை கீரையில் அது பத்தில் ஒரு பங்கு. 2003-இல் போல அந்தப் பங்கை விநியோகக்காரர்தான் ஏற்க வேண்டும் என்று ஆணை வந்தால், அது லாபத்திலிருந்து போகாது, கீரை கட்டுபவரின் கூலியிலிருந்து போகும். ஒப்பந்தம் எழுதும்போதே தோட்டக்காரர் சங்கங்கள் இரண்டு வரிகளைச் சேர்த்துக்கொள்ள வேண்டும். வில்லையின் விலை வாங்குபவருடையது. கிடங்கிலும் அலமாரியிலும் கருவி படிக்கும் எண், அனுப்பியவரின் கைப்பேசிக்கும் அதே நேரத்தில் வரவேண்டும்.